‘ஆசையுடையோர்’ யார்? – திருக்கோட்டியூர் நிகழ்ச்சியும் திருமந்திர உபதேச மரபும்

தமிழ் வைணவ வரலாற்றில் திருக்கோட்டியூர் நிகழ்ச்சியைப் போலப் பலராலும் எடுத்தாளப்பட்ட நிகழ்ச்சி பிறிதொன்று இல்லை எனலாம். திருவரங்கத்திலிருந்து ஏறத்தாழ நூறு கிலோமீட்டர் தொலைவிலுள்ள அவ்வூருக்கு இராமானுசர் பதினெட்டு முறை நடந்து சென்றார். பதினேழு முறை வெறுங்கையோடு திரும்பியவருக்குப் பதினெட்டாம் முறை திருக்கோட்டியூர் நம்பி மறைபொருளை உபதேசித்தார். பிறருக்கு வெளியிடலாகாது என்னும் ஆணையோடு பெற்ற அப்பொருளை இராமானுசர் அவ்வூரிலேயே பலருக்கும் வெளியிட்டார். குருவின் ஆணையை மீறியவருக்கு நரகமே கதி என்று நம்பி சினந்தபோது, தாம் ஒருவர் நரகம் புகினும் கேட்ட பலர் உய்வர் என விடையிறுத்தார். நம்பி மனம் நெகிழ்ந்து ‘எம்பெருமானார்’ என்று அவரை விளித்தார். வைணவ தரிசனமே அன்றுமுதல் எம்பெருமானார் தரிசனம் எனப் பெயர்பெற்றது என்பது மரபு.

இருபதாம் நூற்றாண்டில் இந்நிகழ்ச்சி சம்பிரதாயத்தின் எல்லையைக் கடந்து பொதுச் சொத்தாயிற்று. இந்திரா பார்த்தசாரதியின் ‘இராமாநுஜர்’ நாடகம் 1999ஆம் ஆண்டுக்குரிய சரசுவதி சம்மான் விருதைப் பெற்றது. 2015இல் மு. கருணாநிதியின் கதை வசனத்தில் இராமானுசர் வாழ்க்கை தொலைக்காட்சித் தொடராக வந்தது. 2017இல் ஆயிரமாவது ஆண்டு நிறைவு கொண்டாடப்பட்டபோது மேடைதோறும் திருக்கோட்டியூரே பேசப்பட்டது. இப்பேச்சுகளில் நிகழ்ச்சிக்கு ஒரு நிலைத்த வடிவம் அமைந்துவிட்டது. கோபுரத்தின் உச்சி, உரத்த குரல், கீழே சாதி வேறுபாடின்றித் திரண்ட மக்கள், காற்றில் பரவும் எட்டெழுத்து என்பன அவ்வடிவத்தின் உறுப்புகள். திருக்கோட்டியூர் சௌமியநாராயணப் பெருமாள் கோயிலின் அட்டாங்க விமானத்து மேல்தளத்தில் ஊரை நோக்கி நிற்கும் இராமானுசர் திருவுருவம் இந்நினைவுக்குக் கல்லும் சுதையுமான சான்றாக இன்று காட்டப்படுகிறது.

மேடைக்கு இவ்வடிவம் போதும். ஆய்வேட்டுக்குப் போதாது. ‘பக்தி இயக்கமும் சமுதாயமும்’ என்ற பொருளில் எழுதப்படும் ஆய்வுகள் பலவற்றில் இந்நிகழ்ச்சி, “இராமானுசர் மந்திரத்தைப் பொதுவாக்கினார்” என்னும் ஒற்றை வாக்கியமாகச் சுருங்கி, மூலநூல் சுட்டப்படாமலே சான்றாக நின்றுவிடுகிறது. வெளியிடப்பட்டது எது, யாருக்கு என்னும் இரு வினாக்கள் அவ்வாக்கியத்திற்குள் கேட்கப்படாமலே அமுங்கிக் கிடக்கின்றன. இவ்விரண்டிற்கும் விடை தேடுபவர், சம்பிரதாயம் தன் மந்திரத்தைப் பற்றிக் கொண்டிருந்த கருத்து ‘மறைத்தல் – வெளியிடல்’ என்னும் எளிய இருமைக்குள் அடங்காதது என்பதைக் காண்பார்.

ஓசை மறைபொருளா?

திருமந்திரம் எனப்படுவது பிரணவம், நம: என்னும் சொல், நாராயணாய என்னும் சொல் ஆகிய மூன்று பதங்களால் ஆகிய எட்டெழுத்து. தாபம், புண்டரம், நாமம், மந்திரம், யாகம் என்னும் ஐந்து சம்ஸ்காரங்களுள் நான்காவதில் ஆசாரியன் இதனைச் சீடனின் செவியில் ஓதுவான். இதனோடு துவயமும் சரமசுலோகமும் சேர்ந்து மூன்று இரகசியங்கள் எனப்படும். இரகசியம் என்ற பெயரே, இவ்வோசைகள் ஊரறியாமல் காக்கப்பட்டன என்ற எண்ணத்தை இன்றைய வாசகரிடம் எழுப்புகிறது.

ஆனால் நாலாயிரத்தின் வாயிலிலேயே அவ்வெண்ணம் தடைப்படுகிறது. பெரியாழ்வாரின் திருப்பல்லாண்டு பன்னிரண்டே பாசுரங்களைக் கொண்டது. அவற்றுள் நான்காம் பாசுரம், பதினொன்றாம் பாசுரம், பன்னிரண்டாம் பாசுரம் ஆகிய மூன்றிலும் இந்நமோவாக்கு இடம்பெறுகிறது. நான்காம் பாசுரத்தில் அது நாடும் நகரமும் நன்கு அறியும்படி பாடப்பட வேண்டியது என்றே சொல்லப்படுகிறது. பதினொன்றாம் பாசுரம் இன்னும் வியப்புக்குரியது. தம்மை ஒருவரோடு ஒப்பிட்டுப் பேசும் பெரியாழ்வார், அவ்வொப்புமைக்கு எடுத்துக்கொண்டவர் திருக்கோட்டியூர்த் தலைவராகிய செல்வர். எந்த ஊரில் இராமானுசர் மந்திரத்தை ‘வெளியிட்டார்’ என்கிறோமோ அந்த ஊரின் பெயரும் அம்மந்திரத்தின் சொற்களும், இராமானுசருக்குப் பல தலைமுறை முற்பட்ட ஒரே பாசுரத்தில் அருகருகே நிற்கின்றன. கோயில்தோறும் நாலாயிரம் தொடங்கும்போதெல்லாம் முதலில் ஒலிப்பது இப்பதிகமே.

திருமங்கையாழ்வாரோ பெரிய திருமொழியின் முதல் பதிகம் முழுவதையும் நாராயணன் என்னும் நாமத்தைத் தாம் கண்டுகொண்ட மகிழ்ச்சிக்கே உரியதாக்கினார். திருக்கண்ணபுரப் பதிகத்தில் எட்டெழுத்து என்று பெயர் சுட்டியே அதனைக் கற்றதாகக் கூறினார். அவர் மந்திரம் பெற்ற வரலாறாக மரபு சொல்வதும் எண்ணத்தக்கது. மணக்கோலத்தில் வந்த இறைவனை வழிமறித்துக் கொள்ளையிட்டு, மூட்டையைத் தூக்க இயலாத நிலையில் வாளைக் காட்டி மந்திரத்தைக் கேட்டு வாங்கினார் என்கிறது அது. பணிந்து கேட்பதே உபதேச நெறி என்றிருக்க, வழிப்பறியாலும் மந்திரம் கைப்பட்டதை மரபு நாணமின்றிக் கொண்டாடுகிறது!

இங்கு ஒரு மறுப்பு எழலாம். பாசுரங்களில் வருவது ‘நமோ நாராயணாய’ என்னும் ஏழெழுத்தே. பிரணவம் அங்கில்லை. எனவே ஆழ்வார் மந்திரத்தை முழுமையாக வெளியிடவில்லை, காக்க வேண்டியதைக் காத்தே பாடினார் எனலாம். இம்மறுப்பு புறந்தள்ளத்தக்கதன்று. எனினும் சம்பிரதாயத்தின் பின்னைய ஆசாரியரான மணவாள மாமுனிகள் (1370–1443) தம் உபதேசரத்தினமாலையில் திருப்பல்லாண்டுக்குக் கூறும் சிறப்பு இங்கு நினைக்கத்தக்கது. வேதத்திற்குப் பிரணவம் எவ்வாறோ அவ்வாறே ஆழ்வார்களின் அருளிச்செயலுக்குத் திருப்பல்லாண்டு என்பது அவர் கருத்து. பதிகமே பிரணவத்தின் நிலையில் நிற்குமாயின், அதற்குள் ஒலிக்கும் ஏழெழுத்தைக் குறைவுபட்ட மந்திரம் என்று கொள்வது எளிதன்று. இது இலக்கணப்படியான விடை ஆகாது என்பது உண்மையே. ஆயினும் மரபு தன் பனுவல்களைத் தானே எவ்வாறு படித்தது என்பதற்கு இது சான்று.

ஆகவே ஓசை மறைக்கப்பட்டிருக்கவில்லை. மறைபொருளாக இருந்தவை இரண்டு. ஒன்று அதன் பொருள். மற்றொன்று அதனை ஒருவர் மற்றொருவருக்கு அளிக்கும் செயல். குருபரம்பரை நூல்களும் வியாக்கியானங்களும் திருக்கோட்டியூர்ப் பயணங்களைச் சொல்லும்போது ‘அர்த்தம்’ என்பதையே வற்புறுத்துகின்றன. அப்பொருள் திருமந்திரத்தினுடையதா, சரமசுலோகத்தினுடையதா என்பதில் மரபுக்குள்ளேயே ஒருமித்த குரல் இல்லை என்பதும் கவனிக்கப்பட வேண்டும். பதினெட்டு முறை நடந்த வரலாற்றைச் சரமசுலோகத்தின் ஏற்றத்திற்குச் சான்றாகக் காட்டுவதும் வியாக்கியான வழக்கில் உண்டு. கோபுரத்திலிருந்து ஒலித்தது எட்டெழுத்தே என ஐயமின்றி எழுதும் ஆய்வாளர், மரபே திறந்துவைத்த ஒரு வினாவைத் தாமாக அடைத்துவிடுகிறார்.

மாமுனிகளின் வெண்பா

இந்நிகழ்ச்சியின் பொருளைச் சம்பிரதாயம் எவ்வாறு வரையறுத்தது என்பதை அறிய மிகச் சிறந்த இடம் உபதேசரத்தினமாலையின் 37ஆம் வெண்பா. அதில் திருக்கோட்டியூர் இல்லை, நம்பி இல்லை, கோபுரமும் இல்லை, நரகம் பற்றிய உரையாடலும் இல்லை. நான்கடிக்குள் மாமுனிகள் சொல்வது இவ்வளவே. முன்னோர் ஓராண்வழியாக உபதேசித்தனர். பின்னர் எதிராசர் தம் இன்னருளால், உலகில் ஆசையுடையோர் எல்லார்க்கும் கூறுமாறு ஆரியர்களிடம் சொல்லி, வரம்பை அறுத்தார்.

இவ்வெண்பாவின் ஒவ்வொரு சொல்லும் பொதுவழக்கிலுள்ள கதையோடு உரசுகிறது. முதலாவது, ‘ஓராண்வழி’. ஓர் ஆசாரியன் தகுதி தேர்ந்த ஒரு சீடனுக்கு, அச்சீடன் தன் காலத்தில் மற்றொருவனுக்கு என நூலிழை போல நீளும் முறை அது. இவ்வழியில் தகுதியை ஆராய்பவனும் தேர்பவனும் ஆசாரியனே. கேட்பவனின் வேட்கை அங்குத் தேவையாக இருக்கலாம். ஆனால் அது மட்டும் போதுமானதன்று. இராமானுசரே பதினேழு முறை திரும்ப நேர்ந்தது இம்முறையின் இறுக்கத்தைக் காட்டும்.

இரண்டாவது, விளி. வெண்பாவில் எதிராசர் பேசுவது மக்கள் கூட்டத்தை நோக்கியன்று. ‘ஆரியர்காள்’ என்று ஆசாரியர்களை நோக்கி. மந்திரத்தை அவர் எறிந்துவிடவில்லை. கொடுப்போரை விளித்துக் கொடுக்கும் கடமையை அவர்கள்மேல் சுமத்துகிறார். எழுபத்து நான்கு சிம்மாசனாதிபதிகளை இராமானுசர் நியமித்தார் என்னும் மரபுச் செய்தி இதனோடு முற்றும் பொருந்துகிறது. உபதேசம் ஒழிந்துவிடவில்லை. ஒற்றை இழையாக வந்தது பல கிளைகளாகப் பிரிந்தது. குருவின்றி மந்திரம் என்பது வெண்பாவின் கருத்தன்று. மிகுதியான குருமார் என்பதே அதன் கருத்து.

மூன்றாவதும் தலையாயதும் ‘ஆசையுடையோர்’ என்னும் சொல். ‘எல்லார்க்கும்’ என்பதை மட்டும் கண்டு மகிழும் வாசிப்பு இதனை எளிதில் தாண்டிச் சென்றுவிடுகிறது. எல்லார்க்கும் என்பது ஆசையுடையோர் எல்லார்க்கும் என்றே நிற்கிறது. ஆசை என்பது தகுதி நீக்கம் அன்று, புதிய தகுதி. பிறப்பும் கல்வியும் ஆண்டுக்கணக்கான பணிவிடையும் நின்ற இடத்தில் இப்போது கேட்பவனின் விழைவு நிற்கிறது. தகுதியைத் தீர்மானிக்கும் உரிமை கொடுப்பவனிடமிருந்து பெறுபவனுக்கு மாறுகிறது. பிறப்பைக் கண்டறிய ஆசாரியனால் இயலும். ஆசையைக் கேட்பவன்தான் காட்ட முடியும். கோபுரத்தின்மேல் ஏறி உரத்துக் கூறுதல் ஒரு நாளைய செயல். இம்மாற்றமோ அதற்குப் பின் கொடுக்கப்படும் ஒவ்வோர் உபதேசத்திலும் நிகழ வேண்டியது. பொதுவழக்குக் கதை இராமானுசரின் புரட்சியைப் பெரிதாக்குவதாக எண்ணிக்கொண்டு சிறிதாக்கிவிட்டது என்றே தோன்றுகிறது.

இச்சொல்லுக்குத் திருப்பல்லாண்டில் ஒரு முன்னோடி உண்டு என்பது இதுவரை போதிய கவனம் பெறாத செய்தி. மேலே சுட்டிய நான்காம் பாசுரத்திலேயே பெரியாழ்வார் தம் குழுவில் வந்து சேருமாறு அழைப்பவர்களைக் கூடும் மனமுடையவர்கள், பாடும் மனமுடையவர்கள் என்று குறிக்கிறார். வரும்போது வரம்பு ஒழிந்து வருமாறும் கேட்கிறார். மனமுடைமையும் வரம்பொழிதலும் பெரியாழ்வாரிடம். ஆசையுடைமையும் வரம்பறுத்தலும் மாமுனிகளிடம். அடுத்த பாசுரத்தில் பண்டைக் குலத்தைத் தவிர்ந்து வருமாறு அழைப்பு வருகிறது. பெரியாழ்வார் திருமொழிக்கு உரை வரைந்தவர் மாமுனிகள். இராமானுசர் செயலைப் பேச அவர் ‘வரம்பு’ என்ற சொல்லைத் தேர்ந்தமை தற்செயலாகாது என்று கருத இடமுண்டு.

இவ்விடத்தில் உரைமரபு ஓர் எச்சரிக்கை விடுக்கிறது. பெரியவாச்சான் பிள்ளையின் உரைநெறியில் நான்காம் பாசுரம் கைவல்யத்தை விரும்புவோரை அழைப்பது. ஐந்தாம் பாசுரம் செல்வத்தை விரும்புவோரை அழைப்பது. ஆகவே அங்கு வரும் வரம்பு, ஆன்ம அனுபவத்தோடு நின்றுவிடும் சிற்றெல்லையைக் குறிக்குமேயன்றிச் சமுதாயப் பிரிவினையைக் குறிக்காது. குலம் என்பதும் அவ்வாறே நோக்கின் அடிப்படையிலான பிரிவாகப் பொருள் கொள்ளப்படும். இவ்வுரையை மறைத்துவிட்டுப் பாசுரத்தைச் சாதி மறுப்பாக மட்டும் காட்டுவது நேர்மையாகாது. உரையை மட்டும் ஏற்று, மூலத்தில் ‘குலம்’ என்ற சொல் நிற்பதைக் காணாதிருப்பதும் அவ்வாறே. பாசுரம் ஒன்றைச் சொல்ல, உரை வேறொன்றைச் சொல்ல, மாமுனிகளின் வெண்பா அவ்விரண்டிற்கும் பிந்தி நின்று பழைய சொல்லை உபதேச நெறிக்கு மாற்றிக்கொண்டது என்பதே பனுவல்கள் காட்டும் வரலாறு.

வெளியிட்ட பின்னும் நின்ற நிபந்தனைகள்

வெளியிடல் என்பது எல்லாக் கதவும் ஒரே நாளில் திறந்ததாக இருந்திருந்தால் குருபரம்பரை நூல்கள் அடுத்துச் சொல்லும் செய்திகள் பொருளற்றவை ஆகும். சரமசுலோகத்தின் பொருளை அறியக் கூரத்தாழ்வான் விரும்பியபோது, ஓராண்டுக் காலம் பணிவிடை செய்தவருக்கே கூற வேண்டும் என்பது நம்பியின் கட்டளை என்று இராமானுசர் தெரிவித்தார். ஓராண்டு உயிரோடிருப்பது உறுதியில்லை என்றெண்ணிய ஆழ்வான் ஒரு மாதம் உண்ணா நோன்பிருந்து அப்பொருளைப் பெற்றார். முதலியாண்டானோ நம்பியிடமே அனுப்பப்பட்டார். ஆறு மாதம் அங்குக் காத்துக்கிடந்த பின்னர், கல்விச் செருக்கு, செல்வச் செருக்கு, குடிப்பிறப்புச் செருக்கு ஆகிய மூன்றையும் விட்டு வருமாறு கூறப்பெற்றார்.

கோபுரக் கதையை மட்டும் அறிந்த வாசகருக்கு இவை முரண்பாடாகத் தோன்றும். மந்திரத்தை ஊரறியச் செய்தவர் தம் முதன்மைச் சீடரை ஏன் ஒரு மாதம் பட்டினி கிடக்க விட்டார்? இரண்டும் வெவ்வேறு இரகசியங்களைப் பற்றியவை என்று கூறி அமைதி காணலாம். ஆயினும் செய்திகளின் உள்ளமைப்பு வேறொன்றைக் காட்டுகிறது. கூரத்தாழ்வானின் நோன்பு அவருக்கு விதிக்கப்பட்டதன்று. காத்திருக்க இயலாத வேட்கையால் அவரே மேற்கொண்டது. ஓராண்டு என்னும் விதியை ஒரு மாதமாகச் சுருக்கியது அவருடைய ஆசை. முதலியாண்டானிடம் கேட்கப்பட்டதோ, உயர்குடிப் பிறப்பு என்பதனைத் தகுதியாகக் கொள்ளாமல் தடையாகக் கண்டு நீக்குதல். இரண்டிலும் ‘ஆசையுடையோர்’ என்ற சொல்லின் பொருளே நிகழ்ச்சியாக விரிகிறது.

பிரணவம் பற்றிய பிணக்கு

இவ்வளவு கூறியதால் சம்பிரதாயத்தில் பிறப்பு முற்றும் மறைந்துவிட்டது என்று முடிவுகட்டலாகாது. திருமந்திரத்தைப் பிரணவத்தோடு சேர்த்தே எல்லார்க்கும் கொடுக்கலாமா, அந்தணர் அல்லாதார்க்குப் பிரணவமின்றிக் கொடுக்க வேண்டுமா என்பதில் தென்கலையாரும் வடகலையாரும் பிற்காலத்தில் மாறுபட்டனர். எட்டெழுத்தில் ஓரெழுத்தைப் பற்றிய இப்பிணக்கு சிறியதன்று. ஆசையே தகுதி என்றால் பிரணவத்திற்கு மட்டும் வேறு தகுதி ஏன் என்ற வினா அதனுள் இருக்கிறது. மந்திரம் எல்லார்க்கும் பொதுவாயிற்று என்று எழுதுவோர் எத்தனை எழுத்து பொதுவாயிற்று என்று கேட்க வேண்டிய இடம் இது.

திருக்கோட்டியூர் நிகழ்ச்சியைப் பன்னிரண்டாம் நூற்றாண்டுச் சமுதாய நிலைக்கு நேர்ச்சான்றாகக் கொள்வதிலுள்ள இடரும் இங்கேதான் வெளிப்படுகிறது. மரபு கூறும் இராமானுசர் காலம் 1017 முதல் 1137 வரை. நிகழ்ச்சியின் பொருளை வரையறுக்கும் மாமுனிகளின் வெண்பா பதினைந்தாம் நூற்றாண்டை ஒட்டியது. இடையிட்ட காலத்தில் பிள்ளை உலகாசிரியரும் வேதாந்த தேசிகரும் இரகசியங்களுக்கு விரிவான நூல்கள் செய்தனர்; உபதேச நெறி பற்றிய கருத்துகள் கூர்மையடைந்தன. எனவே நாம் படிப்பது ஒரு நாள் நடந்த செயலின் பதிவை அன்று. தன் உபதேச முறைக்கு நியாயம் தேடிய ஒரு சமூகம் தன் முதல்வரைப் பற்றிப் பேணிய நினைவை. நினைவு என்பதால் அதன் மதிப்புக் குறைந்துவிடாது. கேள்வி மட்டுமே மாறும். அந்நாளில் யார் கேட்டனர் என்பதைவிட, இத்தகைய முதல்வரை நினைக்க வேண்டிய தேவை பின்னோர்க்கு ஏன் இருந்தது என்பதே விடை காணத்தக்க வினா.

பிள்ளை உலகாசிரியரின் முமுட்சுப்படி இவ்வினாவுக்கு ஓரளவு விடை தருகிறது. மணிப்பிரவாள நடையில் மூன்று இரகசியங்களையும் விளக்கும் அந்நூல், மந்திரம் பயன் தருவதற்கு மூன்றன்மீது காதல் கனத்திருக்க வேண்டும் என்கிறது: மந்திரம், மந்திரத்தின் உள்ளீடாகிய பொருள், மந்திரத்தைத் தந்த ஆசாரியன். பிறப்பு இங்குக் கூறப்படவில்லை. உச்சரிப்பின் பிழையின்மையும் கூறப்படவில்லை. எழுத்தும் ஓசையும் மந்திரமாவது அன்பினால் என்னும் இக்கருத்தை ஏற்றுக்கொண்டால் ஏட்டில் எழுதுவதாலோ அச்சிடுவதாலோ மந்திரம் ‘வெளியாகிவிடும்’ என்ற அச்சத்திற்கு இடமில்லை. இரகசியம் என்று தலைப்பிட்ட நூல்களை ஆசாரியர்களே எழுதிப் பரப்பியதன் தருக்கம் இதுவே. இன்று எட்டெழுத்து நாட்காட்டியிலும் வண்டியின் முகப்பிலும் கைப்பேசியின் அழைப்பொலியிலும் காணப்படுகிறது. சமாசிரயணம் அதனால் நின்றுவிடவில்லை. செவியில் ஓதப்படுவது எது என்பதைப் பெறுபவர் முன்னரே அறிந்திருந்தும் அதனைக் கேட்கச் செல்கிறார். ஓசைக்கும் அளிப்புக்கும் உள்ள வேறுபாட்டை இதைவிடத் தெளிவாக வேறெதுவும் காட்டாது.

கொங்கிற் பிராட்டி

ஆய்வேடுகளில் கோபுரம் பெற்ற இடத்தில் நூற்றில் ஒரு பங்கும் பெறாத ஒரு நிகழ்ச்சி குருபரம்பரை வரலாற்றில் உண்டு. தன் நாட்டில் பஞ்சம் வந்தபோது கொங்கு நாட்டுப் பெண்ணொருத்தி கணவனோடு திருவரங்கத்திற்கு வந்து தங்கினாள். பிச்சைக்கு வரும் துறவி ஒருவரைச் செல்வரும் பெரியோரும் விழுந்து வணங்குவதை மாடியிலிருந்து கண்டாள். இறங்கி வந்து காரணம் கேட்டாள். தாம் அவர்களுக்குச் சில நல்வார்த்தைகள் சொன்னதுண்டு என்றார் இராமானுசர். அவ்வார்த்தையைத் தனக்கும் சொல்ல வேண்டும் என்றாள். அவர் துவயத்தை உபதேசித்தார். பதினெட்டுப் பயணங்கள் இல்லை. ஓராண்டுப் பணிவிடையும் இல்லை. ஒரு மாத நோன்பும் இல்லை. தெருவில் நின்று கேட்டாள், தெருவில் நின்று கொடுத்தார்.

நாட்டில் மழை பெய்து ஊர் திரும்பும் காலம் வந்தபோது அவள் மந்திரத்தை மறந்துவிட்டிருந்தாள். விடைபெற வந்தவள் அதனை மறைக்கவில்லை. மறந்துபோயிற்று என்று சொல்லி மீண்டும் கேட்டாள். மந்திரத்தைப் பெற்று மறந்தவரைத் தகுதியற்றவர் என்று தள்ள ஓராண்வழி மரபில் எத்தனையோ காரணங்கள் இருந்திருக்கும். இராமானுசர் மீண்டும் சொன்னார்.

திருக்கோட்டியூர் நிகழ்ச்சிக்குரிய நாடகத்தன்மை இதற்கில்லை. குருவை மீறுதல் இல்லை, நரகம் பற்றிய அறைகூவல் இல்லை, கூட்டமும் இல்லை. அதனாலேயே மேடைகள் இதனைக் கைவிட்டன போலும். ஆனால் மாமுனிகளின் ‘ஆசையுடையோர்’ என்ற சொல்லுக்கு ஓர் உரையாகக் கொள்ளத்தக்க நிகழ்ச்சி எதுவென்று கேட்டால், கோபுரத்தடியில் பெயரின்றி நிற்கும் கூட்டத்தைவிட, கேட்டும் மறந்தும் மீண்டும் கேட்டும் நின்ற இப்பெண்ணையே சுட்ட வேண்டும். ‘ஓராண்வழி’ என்ற தொடரில் ‘ஆண்’ என்பது ஆள் என்ற பொருளில் வருவதாகக் கொள்ளினும், அவ்வழிக்கு எதிர்நிலையில் நிற்பவள் ஒரு பெண்ணாக அமைந்தது கவனிக்கத்தக்கது. பெண்கள் மந்திரோபதேசம் பெற்ற வரலாற்றை ஆராய விழைவோர்க்கு இது தொடக்கப் புள்ளியாகலாம்.

நிகழ்ச்சி அத்துடன் முடியவில்லை. சோழ மன்னனின் அச்சுறுத்தலால் இராமானுசரும் சீடர்களும் திருவரங்கம் விட்டு மேலைநாடு செல்ல நேர்ந்தபோது, காடும் மலையும் கடந்து களைத்துக் கொங்கு நாட்டில் ஒரு வீட்டை அடைந்தனர். அது அவளுடைய வீடு. வெள்ளுடையில் வந்திருந்த இராமானுசரை அவள் அடையாளம் காணவில்லை. அமுது செய்விக்க முன்வந்தபோது, எவர் சமைத்ததையும் உடனே ஏற்காத வழக்கமுடைய அவர்கள் தயங்கினர். தானும் இராமானுசரின் திருவடி சார்ந்தவளே என்றாள். அவர் சொல்லித்தந்த மந்திரம் எது என்று வினவப்பட்டது. அவள் துவயத்தைச் சொன்னாள். முன்னர் மறந்த அவள் இம்முறை பிழையின்றிச் சொன்னாள்.

அன்றைய உணவை அவர்கள் அவள் கையால் உண்டனர்.